கூடைக்குள் மணல்



பாறசாலை என்னும் பெயரில் பாறை ஒலிக்கிறது. நெய்யாற்றின்கரை என்னும் பெயரில் ஆறு ஒலிக்கிறது. பாறையும் ஆறும் கூடிப் பெற்ற பிள்ளைதானே மணல்! திருவனந்தபுரத்திலிருந்து தெற்கே நாகர்கோவிலுக்குப் புறப்படும் புகைவண்டி இவ்விரண்டு ஊர்களையும் அடுத்தடுத்துத் தொட்டுச் செல்கிறது. 1979-ஆம் ஆண்டில் இவ்விருப்புப்பாதை திறக்கப்பட்ட நாள் முதலாக, வேலை தேடி வெளிமாநிலங்களுக்குச் சென்றோரில் எத்தனையோ பேர் பாறசாலை நிலையத்துக் கூரையைத்தான் ஊரின் கடைசிக் காட்சியாகக் கண்டிருக்கின்றனர். இப்பேச்சைப் புனேயிலோ அகமதாபாத்திலோ இருந்து படிக்கும் அன்பர்களுள் சிலருக்கேனும் அக்கூரை நினைவில் இருக்கும்.

இப்பகுதி மொழியால் ஒன்றாகவும் ஆட்சியால் இரண்டாகவும் இருப்பது. அகஸ்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்களும் 1956-ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் சென்னை மாநிலத்துடன் இணைந்தன. திருவிதாங்கூர்த் தமிழ்நாடு காங்கிரஸ் கேட்ட வட்டங்களுள் நெய்யாற்றின்கரையும் ஒன்று. எனினும் அது கேரளத்திலேயே நின்றுவிட்டது. ஆகவே களியக்காவிளைக்கு இப்பால் ஒரு வீடும், அப்பால் அவ்வீட்டுப் பெண்ணைக் கொடுத்த வீடுமாக, உறவுகள் எல்லையின் இருமருங்கும் கிடக்கின்றன. மாநிலங்களைப் பிரித்த அந்தக் கோட்டைப் பற்றிப் பலர் பேசிவிட்டனர். நான் இன்று பேச எடுத்துக்கொண்டது அதனினும் சிறியதொரு கோடு. தோட்டத்துக்கும் தோட்டத்துக்கும் நடுவே நிற்கும் சுவர்.

இந்நாட்டில் நிலம் சமமாய்க் கிடப்பதில்லை. மேட்டில் ரப்பரும் தெங்கும், அதன் கீழ்ப் படியில் மரச்சீனியும் வாழையும், அதற்கும் கீழே முன்னாளில் வயலாக இருந்த ஏலாவும் என்று படிப்படியாக இறங்கிச் செல்லும். ஒவ்வொரு படியின் ஓரத்திலும் மண் சரியாதவாறு தாங்கி நிற்பது கையாலை. தமிழர் கையாலை என்பர். மலையாளிகள் கய்யால என்பர். ஒரே சொல்தான். கையாலையில் சுண்ணாம்பும் இல்லை, சிமிண்டும் இல்லை. பெரிய கல்லை அடியில் வைத்து, அதன்மேல் மூட்டுக்கு மூட்டு மாற்றி அடுக்கி, இடுக்குகளில் சிறு கல்லைச் செருகி, முகத்தைச் சற்று உட்புறமாகச் சாய்த்து ஏற்றிக்கொண்டே போவார்கள். இடவப்பாதி மழையும் துலாமழையும் ஆக ஆண்டுக்கு இருமுறை இம்மண் ஊறுகிறது. ஊறிய நீர் கல்லிடுக்கு வழியே கசிந்து வெளியேறிவிடும். நீர் போக வழியிருப்பதால் சுவர் நிற்கிறது. இந்த ஓர் உண்மையை மறந்து, சிமிண்டு பூசி வழியடைத்துக் கட்டிய மதில்கள் மழைக்காலத்தில் வயிறு தள்ளி விழுவதை அவ்வூரில் ஆண்டுதோறும் காணலாம்.

சில ஆண்டுகளுக்கு முன்பு, புனேயில் வேலைபார்க்கும் என் அத்தான் ஒருவர், பாறசாலைக்கு அருகிலுள்ள தம் பூர்விகப் புரையிடத்தில் ஒரு சுவர் எழுப்ப விரும்பினார். புனேயில் யாரோ ஒருவருடைய தோட்டத்தில் கம்பிவலைக் கூடைகளில் கல்லை நிரப்பி அழகிய சுவராக அடுக்கியிருந்ததை அவர் கண்டிருந்தார். பொறியாளர்கள் அதனைக் கேபியன் என்பர். அத்தகைய சுவரே வேண்டும் என்று ஒப்பந்தக்காரர் ஒருவரிடம் சொல்லி, முன்பணமும் அனுப்பிவிட்டார். கூடைகள் வந்தன, கல் வரவில்லை. கல்லின் விலையோ கூடையின் விலையைத் தாண்டிச் சென்றது. அப்போது ஒப்பந்தக்காரர் ஒரு யோசனை சொன்னார்: “மணலும் பாறைப்பொடியும் கலந்து நிரப்பிவிடலாம். எடை ஒன்றுதானே?”

எடையைப் பொறுத்தவரையில் அவர் சொன்னது பொய்யன்று. ஒரு மீட்டர் நீள அகல உயரமுள்ள கூடையில் கருங்கல்லை நிரப்பினால், நூற்றுக்கு முப்பது முதல் நாற்பது பங்கு வெற்றிடமாகவே இருக்கும். மொத்தம் ஏறக்குறைய 1.7 டன் நிற்கும். அதே கூடையில் மணலும் கிட்டத்தட்ட அவ்வளவே கொள்ளும். ஆனால் எடை மட்டுமா சுவரைச் சுவராக்குவது? பழைய உரச்சாக்குகளைக் கிழித்து வலைக்குள் விரித்து, ஈரமணலைக் கொட்டி இடித்து, மேலே இரண்டு அடுக்குக் கல்லையும் பார்வைக்கு வைத்து, வேலையை முடித்தார்கள். பார்த்தவர்கள் பாராட்டினார்கள். ஒன்பது மாதம் அது நின்றது.

அச்சுவர் என்னவாயிற்று என்பதைப் பிறகு சொல்கிறேன். கூடையில் மண்ணை அடைத்துச் சுவராக்கலாம் என்ற எண்ணம் அந்த ஒப்பந்தக்காரருக்கு முதன்முதல் தோன்றியதன்று. அதற்கு நீண்டதொரு வரலாறு உண்டு.

கேபியன் என்ற பெயர் இத்தாலிய மொழியில் பெரிய கூண்டு எனப் பொருள்படும் சொல்லிலிருந்து வந்தது. பீரங்கி பெருகிய 16-ஆம் நூற்றாண்டு முதல் ஐரோப்பியப் படைகள் மிலாறுகளால் பின்னிய அடியில்லாக் கூடைகளைப் போர்முனையில் வரிசையாக நிறுத்தி, உள்ளே மண்ணை நிரப்பின. அம்மறைவில் நின்றே அகழி வெட்டி முன்னேறினர். பிரான்சு நாட்டுக் கோட்டைக்கலை வல்லுநராகிய வோபான் 17-ஆம் நூற்றாண்டில் முற்றுகையை ஒரு கணக்காகவே ஆக்கியபோது, அக்கணக்கில் கூடைகளுக்கும் இடமிருந்தது. நம் நாட்டிலும் 1799-இல் ஸ்ரீரங்கப்பட்டணத்தை முற்றுகையிட்ட ஆங்கிலப் படை இத்தகைய கூடைகளையும் கழிக்கட்டுகளையும் முன்னதாகவே பின்னிக் குவித்துக்கொண்டது.

இங்கே கவனிக்க வேண்டியதொன்று உண்டு. அப்போர்க் கூடைகளில் கல்லை நிரப்பவில்லை, மண்ணையே நிரப்பினர். குண்டு கல்லில் பட்டால் கல் சிதறி, அச்சிதறலே ஆளைக் கொல்லும். மண்ணோ குண்டை விழுங்கிவிடும். இதற்குச் சான்று தேடி வெளிநாடு செல்லவேண்டியதில்லை. பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டை கல்லால் ஆனதன்று, மண்ணால் ஆனது. 1801-ஆம் ஆண்டு மார்ச்சு இறுதியில் ஆங்கிலேயர் தொடுத்த தாக்குதலை அம்மண் மதில் முறியடித்து அனுப்பியது. மேலும் படையும் பீரங்கியும் வந்து சேர்ந்த பின்னர், மே 24-ஆம் நாள்தான் கோட்டை வீழ்ந்தது. திருவிதாங்கூரின் வட எல்லையில், டிலன்னாயின் மேற்பார்வையில் எழுந்த நெடுங்கோட்டையும் பெரும்பகுதி மண் அரணே. குளச்சல் போரில் 1741-இல் பிடிபட்டு, பின்னர் மார்த்தாண்டவர்மரின் படைத்தலைவராகி, தக்கலைக்கு அருகே உதயகிரிக் கோட்டைக்குள் அடக்கமான அந்த டச்சுக்காரருக்கு மண்ணின் வலிமை தெரிந்தேயிருந்தது.

ஆக, குண்டுக்கு எதிராக நிற்பதாயின் மண் நல்லது. தண்ணீருக்கு எதிராக நிற்பதாயின்?

அதற்குச் சீனர்கள் ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்பே விடை கண்டனர். கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் லீ பிங் என்னும் ஆளுநர் மின் ஆற்றைப் பிரித்துத் துஜியாங்யான் என்னுமிடத்தில் பாசன வேலையை அமைத்தபோது, மூங்கிலால் நீண்ட குழல்போன்ற கூடைகள் பின்னச் செய்து, அவற்றுள் ஆற்றுக் கற்களை நிரப்பி வெள்ளத்தில் இறக்கினார். தனிக்கல்லை ஆறு உருட்டிச் சென்றுவிடும். கூடைக்குள் கட்டுண்ட நூறு கல்லை அதனால் உருட்ட முடியவில்லை. மூங்கில் இற்றபோது புதுக்கூடை இறக்கினார்கள். அவ்வளவே. மூங்கிலுக்குப் பதிலாக இரும்புக் கம்பியைப் புகுத்தியவர்கள் இத்தாலியர். 1890-களில், போலோஞா நகருக்கு அருகே காசலெக்கியோ என்னுமிடத்தில் ரேனோ ஆற்றின் அணை சிதைந்தபோது, மக்காபெர்ரி என்னும் கொல்லர் குடும்பத்தார் கம்பிவலைப் பைகளில் கல்லை நிரப்பிச் செப்பனிட்டனர். இன்று மலைச்சாலைகளில் நாம் காணும் கல்கூடைகளெல்லாம் அதன் வழித்தோன்றல்களே.

ஆகவே போர்க்கூடையில் மண், ஆற்றுக்கூடையில் கல். பார்வைக்கு ஒன்றுபோல் தோன்றும் இவ்விரண்டு கூடைகளையும் குழப்பிக்கொண்டதே என் அத்தானுடைய சுவரின் கதை.

மணலின் குணத்தைச் சற்று ஆராய்வோம். உலர்ந்த மணலைக் குவித்தால் ஏறத்தாழ முப்பது பாகைச் சாய்வுக்கு மேல் அது நில்லாது, சரிந்துவிடும். சற்றே ஈரமாயிருந்தால் துகளுக்கும் துகளுக்கும் இடையேயுள்ள நீரின் பிடிப்பினால் செங்குத்தாகவும் நிற்கும்; கடற்கரையில் குழந்தைகள் கட்டும் வீடு நிற்பது இதனால்தான். ஆனால் அந்த ஈரம் உலர்ந்தாலும் பிடிப்புப் போகும்; நீர் நிறைந்து ததும்பினாலும் போகும். இனி, கம்பிக்கூடையின் கண் பெரும்பாலும் எட்டுச் செண்டிமீட்டர் அகலமுடையது. அதற்குள் இடும் கல் அதனினும் பெரியதாக, பத்து முதல் இருபது செண்டிமீட்டர் வரை இருக்கவேண்டும் என்பது விதி. கல் கல்லைக் கவ்வி நிற்கும். வலையை அதிகம் தள்ளாது. கண் வழியே வெளியேறவும் இயலாது. மணலோ பக்கவாட்டில் வலையைத் தள்ளிக்கொண்டே இருக்கும். அதனைத் தடுத்து நிறுத்துவது உள்ளே விரித்த துணி ஒன்றே. அத்துணி கிழிந்தால் ஒன்றுமில்லை.

அப்படியானால் மணலால் சுவரே எழுப்ப முடியாதா? முடியும். அதற்குக் கேரளத்திலேயே பெருஞ்சான்று இருக்கிறது. ஆலப்புழைப் பக்கத்துக் குட்டநாட்டில் வேம்பநாட்டுக் காயலின் அடித்தரையை நெல்வயலாக்கினார்கள் அல்லவா? கடல்மட்டத்துக்கும் கீழே கிடக்கும் அவ்வயலைச் சுற்றி வரம்பு எழுப்பிய முறை வியப்புக்குரியது. முதலில் தென்னந்தடிகளை இருவரிசையாகக் காயலில் அறைந்து இறக்குவார்கள். ஒவ்வொரு வரிசையின் உட்புறத்திலும் மூங்கில் தட்டிகளை வைத்துக் கட்டுவார்கள். இரண்டு தட்டிச் சுவர்களுக்கும் நடுவே முதலில் மணலைக் கொட்டுவார்கள். அதற்குமேல் மரக்கிளையும் சுள்ளியும். அவற்றின்மேல், காயலின் அடியில் மூழ்கி ஆட்கள் எடுத்துவந்த களிமண் கட்டிகள். களிமண்ணை மிதித்து இறுக்கி, கிளையும் களியும் மாறிமாறி அடுக்க, வரம்பு மேலெழும்பும். 1940-களில் முரிக்கன் ஜோசப் எழுப்பிய சித்திரை, மார்த்தாண்டம், ராணி என்னும் காயல் நிலங்களின் வரம்புகள் இவ்வகையில் எழுந்தவையே. இவற்றைத் திருவிதாங்கூரின் பெருமை என்று எழுதுவோர், மூச்சடக்கி நீருள் இறங்கிக் களியை வெட்டிவந்த புலையர், பறையர் முதலிய உழைப்பாளர்களின் பெயர்களை எழுதுவதில்லை. அப்பெயர்களை எழுதி வைத்தவரே இல்லை போலும்.

குட்டநாட்டு வரம்பில் மணல் இருக்கிறது. ஆனால் வெளியே தெரியாத இடத்தில், தட்டிக்கும் களிக்கும் இடையில் சிறைப்பட்டு இருக்கிறது. சிறைப்பட்ட மணலைப்போல் அமுக்கத்தைத் தாங்கும் பொருள் அரிது. காவிரியும் இதற்குச் சான்று கூறும். ஆழங்காண முடியாத மணலின்மேல் நிற்பது கல்லணை. 1836-இல் கொள்ளிடத்தின் தலைப்பில் மேலணை கட்டத் தொடங்கிய ஆர்தர் காட்டன், மணற்பரப்பில் அடித்தளம் இடும் வித்தையைக் கல்லணை கட்டியோரிடமிருந்தே கற்றதாகப் பின்னாளில் மனம் விட்டு எழுதினார். தென்னாட்டுக் கொத்தர்கள் செங்கற்கிணறுகளை மணலுக்குள் இறக்கி, அவற்றை அடித்தளமாகக் கொள்ளும் வழக்கமும் இதனுடன் சேர்ந்தது. மணலை விலக்க அவர்கள் முயலவில்லை, ஓடாதபடி அடைத்தார்கள்.

இக்காலத்து ஆராய்ச்சியும் அதே வழியில்தான் சென்றிருக்கிறது. 1980-களின் இறுதியில் ஜிமி ஹெசல்டன் என்னும் ஆங்கிலேயர், கரையரிப்பைத் தடுப்பதற்கென்று, தடித்த துணியை உட்புறம் வைத்துத் தைத்த கம்பிக்கூடையை உருவாக்கினார். உள்ளே மணலை நிரப்பலாம். விரைவில் பாலைவனப் போர்களில் படைகள் அதனை அரணாக எடுத்துக்கொண்டன. வோபானுடைய கூடை முந்நூறு ஆண்டு கழித்து மீண்டும் போர்முனைக்கே போய்ச் சேர்ந்தது! நம் நாட்டிலோ, ஒடிசாவில் கேந்திரபாடா மாவட்டத்துப் பெந்தா என்னும் கடற்கரைச் சிற்றூரைக் கடல் விழுங்கிக்கொண்டிருந்தபோது, சென்னை ஐ.ஐ.டி.யின் பெருங்கடற் பொறியியல் துறையினர் 505 மீட்டர் நீளத்துக்கு ஒரு கரைச்சுவரை வடிவமைத்தனர். அதன் நடுவில் இருப்பவை மணல் நிரப்பிய பெரிய செயற்கைநூல் துணிக்குழாய்கள். அவற்றின்மேல் வெயிலும் அலையும் படாதவாறு போர்த்தியிருப்பவை, கயிற்றால் பின்னிய, கல் நிரப்பிய கூடைகள். மணல் உள்ளே, கல் வெளியே. 2016-ஆம் ஆண்டளவில் அச்சுவர் நிறைவெய்தியது. ஒடிசாவில் வாழும் தமிழன்பர்கள் அதனை ஒருமுறை சென்று காணலாம்.

எல்லைக் கிராமங்களுக்கு இது வெறும் தோட்ட விஷயமன்று. அகத்தியமலையில் பிறந்து 56 கிலோமீட்டர் ஓடிப் பூவாற்றில் கடல்சேரும் நெய்யாறு, ஒருகாலத்தில் மணலைத் தாராளமாகக் கொண்டுவந்தது. இந்த ஆற்றின் கரையில் அருவிப்புறத்தில்தான், 1888-ஆம் ஆண்டு சிவராத்திரியன்று, நாராயண குரு ஆற்றுக்குள்ளிருந்து ஒரு கல்லை எடுத்துச் சிவமாக நிறுவினார். இப்பொழுது ஆற்றில் கல் இருக்கிறது, மணல் குறைந்துவிட்டது. 1958-இல் முடிந்த நெய்யாற்று அணை மேலிருந்து வரும் மணலைத் தடுத்தது ஒருபுறம். வீடு கட்டும் ஆசை ஆற்றின் அடியைத் தோண்டியது மறுபுறம். அடி தாழவே கரை இடிந்தது. கரையோரத் தென்னைகள் வேரோடு ஆற்றில் சாய்ந்தன. ஆற்று மணல் எடுப்பதை ஒழுங்குபடுத்தக் கேரளம் 2001-இல் தனிச்சட்டமே இயற்ற நேர்ந்தது. மணல் இன்று எளிதில் கிடைக்கும் பொருளன்று. பாறையை உடைத்துப் பொடித்து மணலாக்கி விற்கும் காலம் இது.

கடற்கரையிலோ நிலைமை இன்னும் கொடிது. தமிழ்நாட்டின் மேற்குக்கரையில் கடைசிக் கிராமம் நீரோடி. அதனை ஒட்டிக் கேரளத்தில் பொழியூர். இரண்டு ஊர் வலைஞருக்கும் கடல் ஒன்று, மீன் ஒன்று. 2017 நவம்பரில் அடித்த ஒக்கிப் புயலில் இரண்டு கரைகளும் சேர்ந்தே அழுதன. கடலோடு கல்லை நீட்டிக் கட்டும் தடுப்பை இப்பால் தூண்டில் வளைவு என்பர். அப்பால் புலிமுட்டு என்பர். கடல்நீரின் போக்கில் கரையோரமாக மணல் நடந்துகொண்டே இருக்கும். அதன் குறுக்கே கல் நீண்டால், ஒருபுறம் மணல் தேங்கும். மறுபுறம் வரவேண்டிய மணல் வராமல் கரை கரையும். நீரோடியில் தூண்டில் வளைவு நீண்டபின் தங்கள் கரை அரிக்கப்பட்டு வீடுகளும் சாலையும் போயின என்பது பொழியூர் மக்களின் முறையீடு. அவர்கள் கேட்பதும் தங்கள் பக்கத்துக்கு ஒரு புலிமுட்டுத்தான். மணலுக்கு மாநில எல்லை தெரியாது. எல்லையின் இருபுறத்து அலுவலகங்களும் ஒன்றாய் உட்கார்ந்து ஒரே கரையாக எண்ணித் திட்டமிடாதவரை, ஒருவர் கட்டும் சுவர் அடுத்தவர் வாசலைத் தோண்டிக்கொண்டேயிருக்கும் என்பது என் கருத்து.

நிற்க. அத்தானுடைய சுவருக்கு வருவோம்.

உரச்சாக்கு வெயிலுக்குத் தாங்காது. ஒரு கோடை கடந்தால் நார்நாராக உதிரும். அவ்வாறே உதிர்ந்தது. இடவப்பாதி மழை தொடங்கிய மூன்றாம் நாள் இரவு, மேட்டிலிருந்து இறங்கிய நீர் கூடைகளுக்குள் புகுந்தது. விடிந்து பார்க்கையில் கம்பிக்கூடைகள் மட்டும் நெளிந்து, அடிபிய்ந்த கடவங்களைப்போல் நின்றன. உள்ளிருந்த மணலும், அதன் பின்னிருந்த செம்மண்ணும், கீழ்ப்படியிலிருந்த ஒரு விதவை மூதாட்டியின் மரச்சீனித் தோட்டத்தை முழங்கால் உயரத்துக்கு மூடியிருந்தன. அவ்வாண்டு அவருடைய உணவு அதில்தான் இருந்தது. ஒப்பந்தக்காரர் தொலைபேசியை எடுக்கவில்லை. அத்தான் இரண்டு நாள் விடுப்பில் ஓடி வந்தார். அம்மூதாட்டி ஏசவில்லை, திண்ணையில் உட்கார்ந்து மண்மூடிய தோட்டத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். ஏசியிருந்தால் தேவலாம் என்று அத்தான் என்னிடம் சொன்னார்.

கையாலை வைப்பதில் அப்பகுதியில் பெயர்பெற்ற முதியவர் ஒருவரை அழைத்துவந்தோம். எண்பதை நெருங்கியவர். நெளிந்த கூடைகளைக் கம்பால் தட்டிப் பார்த்துவிட்டு, “மக்களே, ஓட்டப் பெட்டியில அரிசி அளந்தா வீடு வந்து சேருமா?” என்று கேட்டார்.

“அப்ப மணலே ஆகாதா, பாட்டா?” என்றேன்.

“ஆவும். அதுக்க இடத்துல வச்சா ஆவும்” என்றார் அவர்.

அவர் சொன்ன இடம் எதுவென்பது வேலை நடக்கையில் விளங்கிற்று. முன்முகத்துக்கு வெட்டுக்கல்லும் கருங்கல்லும் கலந்து கையாலை ஏறியது. கல்லுக்கும் செம்மண் மேட்டுக்கும் இடையே ஒரு முழ அகலம் விட்டு, அதில் கல்லை ஒட்டிச் சல்லியையும், சல்லிக்கும் மண்ணுக்கும் நடுவே பருமணலையும் அவர் நிரப்பச் சொன்னார். மழைநீர் வரும், மண் வராது. மண் இயக்கவியலைத் தனியொரு அறிவியலாக்கி 1925-இல் நூல் வெளியிட்ட கார்ல் டெர்சாகி, வடிகட்டும் மணலின் பருமனுக்கும் அது காக்கும் மண்ணின் பருமனுக்கும் இருக்கவேண்டிய விகிதத்தைப் பின்னர்க் கணக்கிட்டுச் சொன்னார். பாட்டாவுக்கு அக்கணக்கு தெரியாது. மணலைக் கையில் அள்ளி, விரலிடுக்கில் ஒழுகவிட்டுப் பார்த்து, “இது கொள்ளாம், அது பொடி, வேண்டாம்” என்று பிரித்துத் தள்ளினார். பழைய சுவரிலிருந்து சரிந்த மணலைச் சலித்தே பாதி வேலை முடிந்தது. மூதாட்டியின் தோட்டமும் அதனால் வெளிப்பட்டது. அவ்வாண்டுக்கான மரச்சீனியை அத்தான் விலைக்கு வாங்கிக் கொடுத்தார். அவர் அதை வாங்கிக்கொள்ள மூன்று நாள் ஆயிற்று.

அதன்பின் எத்தனையோ இடவப்பாதி வந்து போயிற்று. கையாலையின் அடியில் மழைக்காலத்தில் தெளிந்த நீர் கசிந்து ஓடுகிறது. மூதாட்டியின் மகன் வீட்டுப் பிள்ளைகள் அதில் கால் நனைத்து விளையாடுகிறார்கள். கம்பிக்கூடைகளில் நான்கு நல்ல நிலையில் மிஞ்சின. இரண்டில் தேங்காய்த் தொண்டு காய்கிறது. மற்ற இரண்டையும் அம்மூதாட்டி கேட்டு வாங்கிக்கொண்டு போய்க் கோழி அடைக்கிறார்.